அந்தச் சத்தம் பிழையா, வேண்டுமென்றே வைத்ததா?

2022 மே மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை காலை. வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தபோது கட்டிங் இன்ஜினியரிடமிருந்து மின்னஞ்சல் வந்தது. எங்கள் பாட்டுகளை இசைத்தட்டில் பள்ளமாக வெட்டித் தரப்போகிறவர் அவர். ஆறாவது பாட்டு முடியும் இடத்தில் ஏதோ கீழே விழுகிற மாதிரி கேட்கிறது, எட்டாவது பாட்டில் 2 நிமிடம் 41 விநாடியில் கிறீச்சென்று ஒன்று வருகிறது, இரண்டும் பிழையா, வேண்டுமென்றே வைத்ததா என்று கேட்டிருந்தார்.

பஸ்ஸில் உட்கார்ந்து ஹெட்ஃபோன் மாட்டிக் கேட்டேன். கிறீச் எங்களுடையதுதான். கிதாரை அதன் ஒலியைப் பெருக்குகிற ஆம்ப் முன்னால் கொண்டுபோய், ஓரடி முன்னே, அரை அடி பின்னே என்று நகர்ந்து நகர்ந்து பிடித்த ஃபீட்பேக், அதாவது ஆம்பிலிருந்து வருகிற ஒலி மறுபடி கிதாருக்குள் போய்க் கிளப்புகிற ஊளை. அந்த ஒரு விநாடிக்காக ஏழு டேக் எடுத்தோம். ஆறாவது பாட்டின் முடிவில் விழுந்தது ஒரு தண்ணீர் பாட்டில். அது யாருக்கும் தெரியாமல் உள்ளே வந்துவிட்டது. இரண்டு மாதமாக நாங்கள் நான்கு பேரும் அந்தப் பாட்டைத் தினமும் கேட்டிருக்கிறோம், ஒருவர் காதிலும் விழவில்லை.

இரைச்சலான இசை வாசிக்கிறவர்கள் சொந்தமாக ரெக்கார்டு போடும்போது வருகிற பெரிய சிக்கல் இதுதான் என்று இப்போது நினைக்கிறேன். சுத்தமான பாட்டில் ஒரு சின்னக் கீறல் வந்தாலும் பளிச்சென்று தெரிந்துவிடும். எங்கள் பாட்டில் பாதிச் சத்தம் நாங்களே போட்டது. அதற்குள் ஒரு பிழை வந்து உட்கார்ந்துகொண்டால் கண்டுபிடிப்பது லேசில்லை. நாங்கள் பட்டதை எழுதிவைத்தால் அடுத்துப் போடுகிறவர்களுக்குக் கொஞ்சம் பணமும் தூக்கமும் மிஞ்சும் என்று தோன்றியது.

நான் இங்கிலாந்தில் லீட்ஸ் நகரத்தில் இருக்கிறேன். படிக்க வந்து, வேலை கிடைத்து, தங்கிவிட்டேன். பேஸ் கிதார் வாசிக்கிறேன். கிதாருக்கு ஒருவர், டிரம்ஸுக்கு ஒருவர், பாட ஒருவர், ஆக நான்கு பேர். வாசிப்பது போஸ்ட்-பங்க். 1970களின் கடைசியில், பங்க் என்ற முரட்டு ராக் இசையின் அலை அடித்து ஓய்ந்த கையோடு பிரிட்டனில் கிளம்பிய இசை அது. பங்கின் வேகத்தை வைத்துக்கொண்டு, ஜமைக்காவின் டப் இசையிலிருந்தும் ஃபங்க், டிஸ்கோ தாளங்களிலிருந்தும் வேண்டியதை எடுத்துச் சேர்த்தார்கள். பேஸ் கிதார் முன்னால் வந்து மெட்டைத் தூக்கிக்கொண்டு போகும். கிதார் தகரத்தைச் சுரண்டுகிற மாதிரி குறுக்கே வெட்டும். கேங் ஆஃப் ஃபோர், மீகான்ஸ், டெல்டா 5 மூன்று குழுக்களும் இதே லீட்ஸில், ஏறக்குறைய ஒரே காலத்தில் கிளம்பியவை. இந்த ஊரில் இந்த இசையை வாசிக்க யாரும் காரணம் சொல்ல வேண்டியதில்லை.

எனக்கு மட்டும் காரணம் கேட்பார்கள். நான் மாமாவைச் சொல்வேன். அம்மாவின் அண்ணன், விருதுநகரில் மைக் செட் வைத்திருந்தார். பங்குனிப் பொங்கல் வந்தால் வேப்பமரத்தில் குழாயைக் கட்டி, விடியற்காலை எல்.ஆர். ஈஸ்வரி குரலில் அம்மன் பாட்டைப் போட்டுவிடுவார். பக்கத்தில் நின்றால் குரல் உடைந்து, ஓரமெல்லாம் கரகரத்து, நெஞ்சில் வந்து இடிக்கும். அந்த உடைந்த ஒலிதான் எனக்குத் திருவிழாவின் ஒலி. லீட்ஸில் ஒரு சின்ன கிளப்பில் முதன்முதலாக இப்படி ஒரு குழுவைக் கேட்டபோது எனக்கு அது அந்நியமாகவே தெரியவில்லை. ரெக்கார்டை விளிம்பில் மட்டும்தான் பிடிக்க வேண்டும், பள்ளத்தில் விரல் படக் கூடாது என்று ஏழு வயதில் எனக்குச் சொல்லித் தந்ததும் மாமாதான்.

சொந்தக் காசில் ரெக்கார்டு போடுவது இந்த இசையோடு கூடவே பிறந்த பழக்கம். பஸ்காக்ஸ் என்ற மான்செஸ்டர் குழு 500 பவுண்டு கடன் வாங்கி, நியூ ஹார்மோன்ஸ் என்று தாங்களே ஒரு ரெக்கார்டு கம்பெனிப் பெயர் வைத்து, 1977 ஜனவரியில் 'ஸ்பைரல் ஸ்க்ராட்ச்' என்ற இபியை, அதாவது சில பாட்டுகள் மட்டும் உள்ள சின்னத் தட்டை, முதலில் 1,000 பிரதி போட்டார்கள். ஒவ்வொரு பாட்டும் எத்தனையாவது டேக் என்பதை உறையிலேயே அச்சிட்டார்கள். அதே வருடம் டெஸ்பரேட் பைசிக்கிள்ஸ் 153 பவுண்டில் தங்கள் முதல் தட்டைக் கொண்டுவந்தார்கள். இரண்டு பக்கமும் அதே இரண்டு பாட்டுதான். 1978இல் ஸ்க்ரிட்டி பொலிட்டி இன்னும் ஒரு படி மேலே போய், செலவுக் கணக்கையே உறையில் போட்டார்கள்: ஸ்டூடியோ 14 மணி நேரம் 98 பவுண்டு, பாட்டை முதன்முதலில் பள்ளமாக வெட்டுகிற மூலத் தட்டான லேக்கர் வெட்ட 40 பவுண்டு, 2,500 பிரதி அச்சடிக்க 369 பவுண்டு 36 பென்ஸ், தட்டின் நடுவில் இருக்கிற லேபிளில் குத்த ரப்பர் ஸ்டாம்ப் 8 பவுண்டு. எனக்கு இந்த உறை பாட்டைவிட ஒருபடி கூடவே பிடிக்கும். பார்க்கிற எவருக்கும் 'சரி, நம்மாலும் முடியும்' என்று தோன்றிவிடும். அதனால்தான் எங்கள் கணக்கையும் கீழே அப்படியே சொல்லியிருக்கிறேன்.

முதலில் ரெக்கார்டிங். 2022 மார்ச்சில் இரண்டு நாள், ஒரு சின்ன ஸ்டூடியோ. முதல் நாள் காலையில் மேடைக்குக் கொண்டுபோகிற 100 வாட் கிதார் ஆம்பையே கொண்டுபோய் வைத்தோம். அறையில் நின்று கேட்டபோது பிரமாதம். டேப்பில் கேட்டால் ஒரே கூழ். கிதாரின் சத்தம் டிரம்ஸ் மைக்கில், டிரம்ஸ் என் மைக்கில் என்று எல்லாம் எல்லாவற்றிலும் வழிந்திருந்தது. மதியம் ஸ்டூடியோக்காரர் ஓர் ஓரத்தில் கிடந்த 15 வாட் ஆம்பை எடுத்து நாற்காலியில் வைத்தார். அதை முழுக்கத் திருகினால் ஒலி நன்றாக உடைந்தது, ஆனால் அறையை நிரப்பவில்லை. ரெக்கார்டில் கேட்கிற பெரிய சத்தம் முழுக்க அந்தச் சின்னப் பெட்டியிலிருந்து வந்ததுதான். அரை நாள் போனது போனதுதான். நீங்கள் முதலிலேயே ஒரு சின்ன ஆம்பைக் கொண்டுபோங்கள்.

டிரம்ஸும் பேஸும் கிதாரும் சேர்ந்து ஒரே அறையில் வாசித்தோம், குரலை மட்டும் மறுநாள் தனியாக எடுத்தோம். மாறாத வேகத்தில் தாளம் தட்டித் தருகிற மெட்ரோனோம் வைக்கவில்லை. டிரம்மருக்கு அது பிடிக்காது, எனக்கும்தான். பாட்டு சூடேறும்போது வேகமும் கொஞ்சம் ஏறத்தான் வேண்டும். இது பின்னால் எங்களைக் காப்பாற்றியது, அதை அங்கே சொல்கிறேன்.

அந்த மின்னஞ்சல் வந்த அன்று மாலை நான்கு பேரும் உட்கார்ந்து ஒரு பட்டியல் போட்டோம். எந்தப் பாட்டில், எத்தனையாவது நிமிடத்தில், என்ன சத்தம், அது எங்களுடையதா இல்லையா. மொத்தம் 14 வந்தது. எட்டாம் பாட்டு 2:41, கிதார் ஃபீட்பேக், இருக்கட்டும். ஐந்தாம் பாட்டு 0:50, குரல் உடைவது, இருக்கட்டும். மூன்றாம் பாட்டு தொடக்கம், நான்கு விநாடி ஆம்ப் உறுமல், இருக்கட்டும். ஆறாம் பாட்டு முடிவு, தண்ணீர் பாட்டில், எடுக்க வேண்டும். இந்தப் பட்டியலை அனுப்பியதும் கட்டிங் இன்ஜினியர் நன்றி சொல்லி எழுதினார். இரைச்சல் குழுக்களின் வேலை வந்தால் எதைத் துடைப்பது, எதை விடுவது என்று ஊகித்துத்தான் செய்ய வேண்டியிருக்கிறது என்றார்.

இந்தப் பட்டியலை ரெக்கார்டிங் நடக்கும்போதே ஒரு நோட்டில் போட்டுவிடுங்கள். இரண்டு மாதம் கழித்துப் போட்டால் காது பழகிப்போயிருக்கும். அப்புறம், பதிந்ததையெல்லாம் ஒன்றாகக் கலக்கிற மிக்ஸிங் முடிக்கும் முன், ஒவ்வொரு வாத்தியத்தின் தனிப் பதிவான டிராக்கையும் மற்றவற்றை அணைத்துவிட்டுத் தனியாக ஒருமுறை கேளுங்கள், குறிப்பாகப் பாட்டு தொடங்கும் முன்னும் முடிந்த பின்னும் இருக்கிற சில விநாடிகளை. அந்தத் தண்ணீர் பாட்டில் அங்கேதான் விழுந்திருந்தது. ஒலியைக் குறைத்தும் கேளுங்கள். சத்தமாக வைத்தால் எல்லாம் நன்றாகத்தான் இருக்கும்.

தட்டில் பாட்டுகளை எந்த வரிசையில் வைப்பது என்பதில் எங்களுக்குள் ஒரு வாரம் சண்டை. எட்டுப் பாட்டு, 31 நிமிடம், பக்கத்துக்கு நான்கு. எட்டாவதுதான் இருப்பதிலேயே இரைச்சலானது. மேடையில் அதோடுதான் முடிப்போம். ஆகவே இரண்டாம் பக்கத்தின் கடைசியில் வைத்திருந்தோம். கட்டிங் இன்ஜினியர் வேண்டாம் என்றார். காரணத்தை அவர் சொன்ன பிறகுதான் யோசித்துப் பார்த்தேன். தட்டு சுற்றுகிற வேகம் ஒன்றுதான், நிமிடத்துக்கு 33⅓ சுற்று. ஆனால் வெளி விளிம்பில் ஊசிக்குக் கீழே விநாடிக்கு ஏறக்குறைய 50 சென்டிமீட்டர் பள்ளம் ஓடுகிறது. லேபிளை நெருங்கும்போது 20 சென்டிமீட்டர் சொச்சம்தான். அதே ஒலியைப் பாதி இடத்துக்கும் குறைவாக நெருக்கி எழுதுகிறோம். சிம்பல், 'ஸ' ஓசை, கிதாரின் கிறீச் மாதிரி மேல் ஸ்தாயி ஒலிகள் அங்கே ஊசிக்குப் பிடிபடாமல் எச்சில் தெறிக்கிற மாதிரி கேட்கும். நாங்கள் ஆசைப்பட்டுச் செய்த கரகரப்பின் மேல், தட்டு தானாக ஒரு கரகரப்பை ஏற்றிவிடும்.

கடைசியில் எட்டாம் பாட்டை இரண்டாம் பக்கத்தின் முதல் பாட்டாக மாற்றினோம். பேஸும் டிரம்ஸும் மட்டும் மெதுவாக நடக்கிற ஒரு பாட்டு லேபிள் ஓரத்துக்குப் போனது. தட்டைத் திருப்பிப் போட்டதும் அந்த இரைச்சல் முகத்தில் அறைகிறது. இப்போது எங்களால் வேறு வரிசையை நினைத்துப் பார்க்க முடியவில்லை.

நீளத்தையும் சொல்லிவிடுகிறேன். 12 அங்குலத் தட்டில் 33 வேகத்தில் பக்கத்துக்கு 18 நிமிடத்துக்குள் இருந்தால் சத்தமாக வெட்டலாம். நேரம் கூடக் கூடப் பள்ளங்களை நெருக்க வேண்டும், நெருக்கினால் ஒலியைக் குறைக்க வேண்டும். ஜாய் டிவிஷன் 1978இல் தாங்களே போட்ட முதல் இபியில் இதுதான் நடந்தது. நான்கு பாட்டை ஒரு 7 அங்குலத் தட்டில் அடைத்ததில் ஒலி சப்பென்று ஆகிவிட்டது. அதே ஆண்டு 12 அங்குலத்தில் மறுபடி போட்டார்கள். அவர்களுக்கே அப்படி என்றால் நாம் எம்மாத்திரம். இரைச்சல் குழுவுக்கு நேரம் குறைவாக இருப்பது நல்லது.

கோப்பு அனுப்பும்போது இணையத்துக்காகச் செய்த மாஸ்டரையே, அதாவது ஒலியைச் சீராக்கி முடித்த கடைசி வடிவத்தையே, அனுப்பிவிடாதீர்கள். தட்டுக்கென்று தனியாக, ஒலியை அவ்வளவு அழுத்தாத ஒரு மாஸ்டர் வேண்டும். 24 பிட் வேவ் கோப்பாக இருக்கட்டும். கீழ் ஸ்தாயி ஒலிகள் இடது, வலது என்று பிரியாமல் நடுவில் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் ஊசி துள்ளும். டப் கேட்டு வளர்ந்த ஆசையில் நான் பேஸுக்கு ஸ்டீரியோவில் அகலமாக ஒரு எஃபெக்ட் போட்டிருந்தேன். அதை எடுத்தேன். கொஞ்சம் வருத்தம்தான்.

மே மாதம் எல்லாவற்றையும் ஆலைக்கு அனுப்பினோம். ஐந்து மாதம் ஆகும் என்றார்கள். அப்போது எல்லா இடத்திலும் வரிசை நீளம். 2020 பிப்ரவரி 6 அன்று கலிஃபோர்னியாவில் பேனிங் என்ற ஊரில் அப்போலோ மாஸ்டர்ஸ் ஆலை எரிந்துபோனது. தட்டு வெட்டுவதற்கான லேக்கர் செய்த ஆலைகள் உலகத்திலேயே இரண்டுதான், அதில் ஒன்று அது. மற்றது ஜப்பானில். அடுத்து கொரோனா வந்தது, வீட்டில் இருந்தவர்கள் எல்லாம் இசைத்தட்டு வாங்க ஆரம்பித்தார்கள், பெரிய கம்பெனிகள் பெரிய ஆர்டர்களோடு வந்து நின்றன. எங்களைப் போன்ற 300 பிரதிக்காரர்கள் பின்னால் நிற்க வேண்டியதாயிற்று.

அக்டோபரில் டெஸ்ட் பிரஸ்ஸிங், அதாவது மொத்தத்தையும் அடிக்கும் முன் நாங்கள் கேட்டு ஒப்புதல் தருவதற்கான சோதனைத் தட்டுகள், வந்தது. ஐந்து தட்டு, வெள்ளை லேபிள், வெள்ளை உறை. அன்று இரவே நண்பர்களைக் கூப்பிட்டுப் போட்டுக் கேட்டோம். எல்லோரும் கட்டிப்பிடித்துக்கொண்டோம். சரி, ஒப்புதல் கொடுத்துவிடலாம் என்று முடிவாயிற்று. நல்லவேளை, அந்த மின்னஞ்சலைக் காலையில் அனுப்பலாம் என்று விட்டேன்.

எல்லோரும் போன பிறகு, இரவு ஒரு மணிக்கு, தனியாக ஹெட்ஃபோனில் மறுபடி போட்டேன். முதல் பக்கம், இரண்டாவது பாட்டு. ஒரு நிமிடம் போனதும், டிரம்மர் ஒவ்வொரு சுற்றின் தொடக்கத்திலும் டிரம்மின் விளிம்பில் லேசாக ஒரு தட்டுத் தட்டுகிற மாதிரி இருந்தது. டிக். பிறகு நான்கு தாளம் கழித்து, டிக். அழகாகக்கூட இருந்தது. இதை எப்போது வாசித்தார் என்று யோசித்துக்கொண்டே கேட்டேன். பாட்டு சூடேறியது, வேகம் கொஞ்சம் ஏறியது. டிக் ஏறவில்லை. முதலில் தாளத்தின் மேலேயே உட்கார்ந்திருந்தது, அடுத்த சுற்றில் ஒரு மயிரிழை பின்னால், அதற்கடுத்து இன்னும் கொஞ்சம் பின்னால். அப்போதுதான் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. போனில் ஸ்டாப் வாட்ச் வைத்துப் பார்த்தேன். பத்து டிக்குக்கு நடுவில் 16 விநாடி சொச்சம். ஒன்றுக்கு 1.8 விநாடி.

33⅓ வேகத்தில் தட்டு ஒருமுறை சுற்ற ஆகிற நேரம் சரியாக 1.8 விநாடி. பாட்டின் வேகம் மாறினாலும் ஒரு சத்தம் மாறாமல் 1.8 விநாடிக்கு ஒருமுறை வந்தால் அது வாசித்தவர் போட்டதல்ல, தட்டில் குறுக்கே இருக்கிற கீறலோ பருவோ. அந்தப் பாட்டின் வேகம் நிமிடத்துக்கு ஏறக்குறைய 133 தாளம். நான்கு தாளத்துக்கு 1.8 விநாடி. பிழை வந்து எங்கள் தாளத்துக்குள்ளேயே ஒளிந்துகொண்டது. மெட்ரோனோம் வைத்து வாசித்திருந்தால் கடைசிவரை டிக் தாளத்தின் மேலேயே இருந்திருக்கும், நான் டிரம்மரைப் பாராட்டிவிட்டுப் படுக்கப் போயிருப்பேன்.

அதற்கப்புறம் செய்ததை வரிசையாகச் சொல்கிறேன், உங்களுக்கு உதவும். முதலில் மூலக் கோப்பில் அதே இடத்தைக் கேட்டேன், டிக் இல்லை. ஐந்து தட்டையும் போட்டுப் பார்த்தேன், ஐந்திலும் அதே இடத்தில் இருந்தது. ஒன்றில் மட்டும் இருந்தால் அந்தத் தட்டோடு போயிற்று, ஐந்திலும் இருந்தால் அச்சிலேயே கோளாறு. மறுநாள் கிதார்காரர் வீட்டில் அவருடைய பிளேயரில் போட்டு, என் ஊசியின் குற்றம் இல்லை என்று உறுதி செய்துகொண்டேன். பிறகு எந்தப் பக்கம், எந்தப் பாட்டு, எத்தனையாவது விநாடியிலிருந்து எதுவரை, எத்தனை முறை, எத்தனை தட்டில், எந்தெந்தப் பிளேயரில் என்று எல்லாவற்றையும் எழுதி, போனில் பதிவு செய்த ஒலியையும் சேர்த்து ஆலைக்கு அனுப்பினேன். வெறுமே 'சத்தம் வருகிறது' என்று எழுதியிருந்தால் எங்கள் பாட்டைக் கேட்டுவிட்டு என்ன பதில் வந்திருக்கும் என்று நீங்களே யோசியுங்கள்.

லேக்கரில் வெட்டியதன் மேல் வெள்ளி பூசி, நிக்கல் ஏற்றி உரித்தால் ஒரு உலோகத் தட்டு வரும். பள்ளம் இருக்கிற இடத்தில் அதில் மேடு. அதிலிருந்து மறுபடி பள்ளமாக ஒன்று எடுப்பார்கள், அதை மதர் என்பார்கள். மதரிலிருந்து எடுப்பதுதான் ஸ்டாம்பர், பிளாஸ்டிக்கை அழுத்துகிற அச்சு. ஆலைக்காரர்கள் மதரைச் சோதித்தார்கள், அது சுத்தமாக இருந்தது. ஸ்டாம்பரில்தான் கோளாறு. புது ஸ்டாம்பர் எடுத்து, டிசம்பரில் மறுபடி ஐந்து தட்டு அனுப்பினார்கள். மூன்று இரவு தனியாக உட்கார்ந்து, தாளத்தை மறந்துவிட்டு, 1.8 விநாடியை மனதில் வைத்துக் கேட்டேன். சுத்தம். ரெக்கார்டுகள் 2023 பிப்ரவரியில் வந்தன. 12 பெட்டி, பெட்டிக்கு 25. மொத்தம் 75 கிலோ இருக்கும், என் வீடு மூன்றாவது மாடி. நிறுத்தித்தான் வைக்க வேண்டும், அடுக்கினால் அடியில் இருப்பது வளைந்துவிடும். ஹீட்டர் பக்கம் கூடவே கூடாது.

இதில் நாங்கள் செய்த பெரிய தவறு, டெஸ்ட் பிரஸ்ஸிங் கைக்கு வரும் முன்பே, குழுக்கள் தங்கள் இசையைத் தாங்களே விற்கிற பேண்ட்கேம்ப் இணையதளத்தில் முன்பதிவைத் திறந்தது. 46 பேர் பணம் கட்டியிருந்தார்கள். அக்டோபரில் அனுப்புவதாகச் சொன்னது பிப்ரவரி ஆயிற்று. நான்கு மாதம், மாதம் ஒரு மன்னிப்புக் கடிதம். மூன்று பேர் பணத்தைத் திரும்பக் கேட்டார்கள், கொடுத்தோம். மற்றவர்கள் பொறுத்துக்கொண்டார்கள். டிக் விஷயத்தை விவரமாக எழுதி அனுப்பியதும் பலர் அக்கறையோடு பதில் போட்டார்கள். ஆனாலும் மற்றவர் பணத்தை வைத்துக்கொண்டு தூங்குவது கஷ்டம். டெஸ்ட் பிரஸ்ஸிங்குக்கு ஒப்புதல் கொடுத்த பிறகு முன்பதிவைத் திறங்கள்.

கணக்கு இதோ. ஸ்டூடியோ இரண்டு நாள் 480 பவுண்டு, மிக்ஸிங் 300, மாஸ்டரிங் 180, 300 தட்டு உறையோடு, வரி சேர்த்து 2,460, பாட்டு வரிகள் அச்சிட்ட தாள் 70, தபால் அட்டைப்பெட்டிகள் 95. மொத்தம் 3,585. ஆளுக்கு 600 போட்டோம், கச்சேரிகளில் சேர்ந்த 500 இருந்தது, மீதி முன்பதிவுப் பணம். கச்சேரியில் ஒன்று 18 பவுண்டு. பேண்ட்கேம்ப் தட்டுக்குப் பத்து சதவீதம் எடுத்துக்கொள்கிறது, பணம் செலுத்தும் கட்டணம் தனி. எங்கள் கைக்குப் பதினைந்தரை வரும். கடைகளுக்கு 12. இரண்டு வருடத்தில் கச்சேரிகளில் 120, இணையத்தில் 95, கடைகளில் 30 போனது. வானொலிக்கும் எழுதுகிறவர்களுக்கும் உதவியவர்களுக்கும் 28 சும்மா கொடுத்தோம். என் கட்டிலுக்கு அடியில் 27 இருக்கிறது. போட்டது போக 400 பவுண்டு மிஞ்சி, அடுத்த ரெக்கார்டிங்குக்கு இருக்கிறது. கணக்குப் போடும்போது இந்த 28 பிரதிகளைப் போல ஒரு பத்து சதவீதத்தை விற்காது என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

உரிமை விஷயம் சுருக்கமாக. பாட்டுகள் யாருடையவை என்று ஆலை எழுதிக் கேட்கும். வேறு யாருடைய பாட்டையாவது வாசித்திருந்தால் பிரிட்டனில், பாட்டு எழுதியவர்கள் சார்பில் பிரதி எடுக்கும் உரிமையைக் கவனிக்கிற எம்சிபிஎஸ் அமைப்பிடம் அனுமதி வாங்க வேண்டும். ஒவ்வொரு பதிவுக்கும் ஐஎஸ்ஆர்சி என்ற அடையாள எண் ஒன்று உண்டு, இங்கே அதை பிபிஎல் என்ற உரிமை அமைப்பு தருகிறது. வானொலிக்கு அனுப்பும் முன்பே இதை முடித்துவிடுங்கள்.

தபாலுக்கு நான் எதிர்பார்க்காத செலவு ஆயிற்று. ராயல் மெயிலில் பெரிய கடிதம் என்ற வகைக்கு அதிகபட்சம் 35.3க்கு 25 சென்டிமீட்டர், கனம் 2.5. 12 அங்குல உறையே நீளம், அகலம் இரண்டிலும் 31 சென்டிமீட்டருக்கு மேல், ஆகவே அது பார்சலாகத்தான் போகும். 7 அங்குலத் தட்டு பெரிய கடிதமாகவே போய்விடும், செலவு வெகுவாகக் குறையும். வெளிநாட்டுக்கு என்றால் சுங்கப் படிவம் வேறு. அனுப்பும்போது தட்டை உறைக்குள் வைக்காதீர்கள். உள் உறையோடு வெளியே எடுத்து, அட்டை உறைக்குப் பின்னால் சேர்த்து வைத்து அனுப்புங்கள். உள்ளே இருந்தால் பெட்டி விழுகிற ஒவ்வொரு முறையும் தட்டு உறையின் ஓரத்தை அறுக்கும். முதல் பத்துப் பிரதிகளில் நான்கு கிழிந்து போய்ச் சேர்ந்த பிறகுதான் இது எங்களுக்குத் தெரிந்தது.

2023 கோடையில் அம்மா லீட்ஸ் வந்திருந்தார். திரும்பிப் போகும்போது மாமாவுக்கென்று ஒரு பிரதி கொடுத்தனுப்பினேன். மாமா மைக் செட்டை விட்டுப் பல வருடம் ஆகிறது, பழைய பிளேயர் மட்டும் பரணில் இருந்தது. அதை இறக்கித் துடைத்து, மதுரையில் பெல்ட் வாங்கிப் போட்டிருக்கிறார். ஒரு ஞாயிற்றுக்கிழமை போன் செய்தார்.

"மாப்ளே, தட்டு நல்லா வந்திருக்கு. மூணாவது பாட்டு ஆரம்பத்துல மட்டும் எர்த் சரியாப் போடல போலயே."

"இல்ல மாமா, அது ஆம்ப் சத்தம். நாங்களே வச்சதுதான்."

"மத்ததெல்லாம் நீங்க வச்சதுன்னு தெரியுது. அதெல்லாம் பாட்டோட ஏறி எறங்குது. இது பாட்டு ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியும் அதேதான், முடிஞ்ச பொறகும் அதேதான். எர்த்தைப் பாரு."

இங்கேயும் அங்கேயும் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்தான். அந்த உறுமலின் சுருதி மாமாவுக்கு 40 வருடப் பழக்கம். அன்று இரவு பழைய கோப்புகளைத் திறந்து, மூன்றாம் பாட்டில் என் பேஸ் டிராக்கை மட்டும் தனியாக வைத்துக் கேட்டேன். தொடக்கத்து நான்கு விநாடி மட்டுமில்லை, பாட்டு முழுக்க அடியில் ஓடிக்கொண்டே இருந்தது. என் ஆம்பை ஒரு பிளக் பாயின்ட்டிலும் ஒலிகளைக் கலக்கிற ஸ்டூடியோ டெஸ்க்கை வேறொன்றிலும் செருகியதில் இரண்டு எர்த்துக்கும் நடுவில் உண்டான ஹம். நாங்கள் போட்ட பட்டியலில் என் கையெழுத்தில் 'இருக்கட்டும்' என்று இருந்தது.

வாத்தியத்தை டெஸ்க்கோடு இணைக்கிற டிஐ பாக்ஸ் என்ற சின்னப் பெட்டியில், இதற்கென்று எர்த் தொடர்பை விடுவிக்கிற ஒரு ஸ்விட்ச் உண்டு. பிளக்கின் எர்த் பின்னைக் கழற்றுகிறவர்கள் இருக்கிறார்கள், அது மட்டும் வேண்டாம், உயிருக்கு ஆபத்து. அடுத்த ரிகர்சலில் டிரம்மர் உட்காரும் முன்பே என் ஆம்பையும் டெஸ்க்கையும் டிஐ பாக்ஸ் வழியாக இணைத்து, ஒலியை முழுக்க ஏற்றி, அந்த ஸ்விட்சைத் தட்டினேன். போனை ஸ்பீக்கர் பக்கத்தில் வைத்து, ஒன்றும் கேட்காத நான்கு விநாடியைப் பதிவு செய்து மாமாவுக்கு வாட்ஸ்ஆப்பில் அனுப்பினேன்.